ஆயிரம் நாக்கு விலங்கு: ஓர் ஆங்கிலச் சொல்லின் வரலாறு

ஒரு விடயம் எவருக்கும் விளங்கும் அளவுக்குத் தெளிவாக இருக்கிறது என்று சொல்ல நம்மிடம் சொற்களுக்குப் பஞ்சமில்லை. வெளிப்படை, கண்கூடு, வெட்டவெளிச்சம், அப்பட்டம், பகிரங்கம் என்று அடுக்கிக்கொண்டே போகலாம். ‘உள்ளங்கை நெல்லிக்கனி’ என்றும் ‘வெள்ளிடை மலை’ என்றும் பழைய உரையாசிரியர்கள் எழுதினார்கள். ஊர் வழக்கில் ‘பச்சைப் பொய்’ என்கிறோம். திருடன் ‘கையும் களவுமாக’ப் பிடிபட்டான் என்கிறோம். இவற்றைக் கூர்ந்து பார்த்தால் பெரும்பாலானவை கண்ணோடு அல்லது கையோடு சம்பந்தப்பட்டவை என்பது புலப்படும். காண்பதும் தொடுவதுமே மனிதனுக்குத் தெளிவின் முதல் அளவுகோல்கள்.

ஆங்கிலத்திலும் நிலைமை இதுவே. அந்த மொழி இவ்வகைச் சொற்களை லத்தீனிலிருந்து தாராளமாக எடுத்துக்கொண்டது. ‘எவிடன்ட்’ என்பதன் வேரில் இருப்பது பார்த்தல். ‘ஒப்வியஸ்’ என்பது போகிற வழியில் எதிரே வந்து நிற்பது; தேடிப் போகவேண்டியதில்லை, தானாகவே முன்னால் நிற்கும். ‘மெனிஃபெஸ்ட்’ என்பதில் கை இருக்கிறது; நமது ‘கையும் களவுமாக’ என்பதற்கு அது கிட்டிய உறவு. ‘பேட்டன்ட்’ என்றால் திறந்து கிடப்பது. எவரும் வாசிக்கும்படி மூடி முத்திரையிடாமல் வழங்கப்பட்ட அரச பத்திரங்களுக்கு அந்தப் பெயர் வந்தது அதனால்தான். ‘ஃபிளேக்ரன்ட்’ என்றால் கொழுந்துவிட்டு எரிவது.

இந்தக் கூட்டத்தில் ‘பிளேட்டன்ட்’ என்ற சொல் மட்டும் ஒட்டாமல் நிற்கிறது. அப்பட்டமான பொய், பட்டவர்த்தனமான அநீதி என்று நாம் சொல்லுமிடங்களில் ஆங்கிலேயர் இந்தச் சொல்லைப் போடுவார்கள். ஆனால் இது கண்ணிலிருந்து பிறந்த சொல்லன்று, காதிலிருந்து பிறந்தது. பொதுவாக ஒரு சொல்லுக்குத் தகப்பன் யார், பிறந்த வருடம் எது என்று எவராலும் கூற முடியாது. இதற்கோ இரண்டும் தெரியும். அகராதியைப் புரட்டிக் கிராமத்து மாணவர்களுக்குப் பொருள் சொல்லும் தொழிலில் இருபது வருடங்களுக்கு மேல் கழித்தவன் நான். அந்தப் பழக்கத்தில் இந்தச் சொல்லின் பின்னால் போனபோது, அது என்னை இலக்கணத்துக்குள் அல்ல, ஒரு படுகொலையின் முன்னால் கொண்டுபோய் நிறுத்தியது. அதைத்தான் இங்கே எழுத முற்படுகிறேன்.

சொல்லைச் செய்தவர்

எட்மண்ட் ஸ்பென்ஸர் 1552ஆம் ஆண்டளவில் இலண்டனில் பிறந்தவர். வசதியான குடும்பமல்ல. கேம்பிரிட்ஜில் பெம்புரோக் கல்லூரியில், பணிவிடை செய்து கட்டணச் சலுகை பெறும் ஏழை மாணவராகச் சேர்ந்து 1576இல் முதுகலைப் பட்டம் பெற்றார். 1580இல் அயர்லாந்துக்கு ஆங்கில அரசின் பிரதிநிதியாக அனுப்பப்பட்ட ஆர்தர் கிரே பிரபுவின் செயலாளராகக் கடல் கடந்தார். அதற்குப் பிறகு அவருடைய வாழ்வின் பெரும்பகுதி அயர்லாந்திலேயே கழிந்தது. ஆங்கிலக் கவிதையின் தூண்களில் ஒன்றாகப் போற்றப்படும் ‘ஃபெயரி குவீன்’ என்ற பெருங்காவியம் பெரும்பாலும் எழுதப்பட்டது இங்கிலாந்திலல்ல. கைப்பற்றப்பட்ட அயர்லாந்து மண்ணில்.

பன்னிரண்டு காண்டங்களாகத் திட்டமிடப்பட்ட அக்காவியத்தில் ஆறுதான் நிறைவுற்றன. முதல் மூன்றும் 1590இல் வெளிவந்தன. அடுத்த மூன்றும் 1596இல். ஒவ்வொரு காண்டத்துக்கும் ஓர் அறம், அந்த அறத்துக்கு ஒரு வீரன். ஐந்தாவது காண்டம் நீதி. ஆறாவது காண்டம் பண்பு, அதாவது பிறரோடு பழகும் நயம். இந்த இரண்டு காண்டங்களில்தான் ‘பிளேட்டன்ட் பீஸ்ட்’ என்ற விலங்கு வருகிறது. நரகத்தைக் காக்கும் மூன்று தலை நாய் அதன் தகப்பன் என்கிறார் கவிஞர். ஓரிடத்தில் அதற்கு நூறு நாக்குகள், இன்னோரிடத்தில் ஆயிரம். நாயின் நாக்கு, பூனையின் நாக்கு, கரடியின் நாக்கு, புலியின் நாக்கு, பாம்பின் நாக்கு, எல்லாவற்றோடும் சேர்த்து மனிதனின் நாக்கு. அது கடித்தால் மேலே தோல் ஆறினாலும் உள்ளே புண் புரையோடிக்கொண்டிருக்கும்; வைத்தியரின் மருந்துக்கு அது கட்டுப்படாது. அந்த விலங்கின் பெயர் அவதூறு.

கருத்து முற்றிலும் புதியதல்ல. கெக்ஸ்டன் 1485இல் அச்சிட்ட மெலரியின் ஆர்தர் மன்னன் கதைகளில், வயிற்றுக்குள் முப்பது சோடி வேட்டை நாய்கள் குரைப்பது போன்ற ஓசையோடு திரியும் ஒரு விலங்கு உண்டு. ஸ்பென்ஸரின் விலங்குக்கு அது முன்னோடியாக இருக்கலாம். ஆனால் பெயர் அவருடையது. உளறுதல், பிதற்றுதல் என்ற பொருள்கொண்ட ஒரு லத்தீன் வினையிலிருந்து எடுத்தார் என்பர் சிலர். ஆடு கத்துவதைக் குறித்த பழைய ஸ்கொட்லாந்து வழக்கிலிருந்து வந்தது என்பர் வேறு சிலர். எதுவானாலும் அது சத்தம். அர்த்தமில்லாத, அடங்காத, காதைத் துளைக்கும் சத்தம்.

சொற்களைச் செய்வதில் ஸ்பென்ஸருக்கு அலாதியான துணிவு இருந்தது. அதே காவியத்தில் வரும் வெற்றுப் பெருமைக்காரன் ஒருவனின் பெயர் ‘பிராகடோசியோ’. இன்றும் ஆங்கிலத்தில் வாய்வீச்சுக்கு அதுவே சொல். பழஞ்சொற்களையும் தாமே செய்த சொற்களையும் கலந்து அவர் எழுதியதைப் பார்த்துவிட்டு, அடுத்த தலைமுறைக் கவிஞர் பென் ஜோன்சன், அது எந்த மொழியிலும் சேராது என்று குறைப்பட்டுக்கொண்டார்.

விலங்கு யாரைக் கடித்தது?

அவதூறு ஒரு விலங்கு என்றால் நமக்கு எவரும் விளக்கவேண்டியதில்லை. புறம் பேசுவதன் கேட்டைச் சிறுவயதில் குர்ஆன் மத்ரஸாவிலேயே கேட்டு வளர்ந்தவர்கள் நாம். ஆகவே ஆறாவது காண்டத்தை வாசிக்கும்போது கவிஞரோடு உடன்படவே மனம் விரும்புகிறது. ஆனால் ஒரு கேள்வியைக் கேட்டாகவேண்டும். அந்த விலங்கு முதன்முதலில் யார்மீது பாய்ந்தது?

ஐந்தாவது காண்டத்தின் இறுதியில் அது பாய்கிறது. நீதியின் வீரனான ஆர்டிகால், கொடுங்கோலன் ஒருவனிடமிருந்து ஐரீனா என்ற பெண்ணை மீட்டுக்கொடுத்துவிட்டு, அவளது நாட்டைச் சீர்செய்யத் தொடங்குகிறான். வேலை முடியுமுன்னரே அரசி அவனைத் திரும்ப அழைக்கிறாள். வருகிற வழியில் இரண்டு கிழவிகள் அவனை மறிக்கின்றனர். ஒருத்தி பொறாமை, மற்றவள் பழிசொல்பவள். அவன் வாளைக் கறைப்படுத்திவிட்டான், குற்றமற்றோரைக் கொன்றான் என்று ஏசி, விலங்கை அவன்மீது ஏவிவிடுகிறார்கள். அவனோ பதில் சொல்லாமல் தன் வழியே போகிறான்.

ஐரீனா என்பது அயர்லாந்து என்பதிலும், ஆர்டிகாலின் இந்தப் பயணம் கிரே பிரபுவின் கதை என்பதிலும் ஆய்வாளரிடையே பெரிய கருத்து வேறுபாடில்லை. கிரேயும் 1582இல், பாதிவழியில், திரும்ப அழைக்கப்பட்டார். கிரேயின்மீது சொல்லப்பட்ட பழி என்ன?

1580 செப்டெம்பரில், பாப்பரசரின் ஆதரவோடு இத்தாலியரும் ஸ்பானியருமான ஒரு படை அயர்லாந்தின் தென்மேற்கே, கெரி பகுதியிலுள்ள ஸ்மெர்விக்கில் வந்து இறங்கியது. அங்கே ஏற்கெனவே ஆங்கில ஆட்சிக்கெதிராக டெஸ்மண்ட் பிரபுக்குடும்பத்தின் கிளர்ச்சி நடந்துகொண்டிருந்தது. வந்தவர்கள் கடலோரத்தில் ‘தங்கக் கோட்டை’ என்று பெயர்பெற்ற ஒரு சிறு மண்கோட்டைக்குள் ஒதுங்கினார்கள். நவம்பரில் கிரே தரைவழியாகவும் ஆங்கிலக் கப்பல்கள் கடல்வழியாகவும் அதை முற்றுகையிட்டன. மூன்று நாட்களில் கோட்டை விழுந்தது. உள்ளே இருந்தவர்கள் ஆயுதங்களைக் கீழே வைத்தனர். அதன்பின் கிரே தம் வீரர்களை உள்ளே அனுப்பினார். 600 பேரைக் கொன்றதாக அவரே அரசிக்குக் கடிதம் எழுதினார். கூட இருந்த ஐரிஷ் பெண்களும் தூக்கிலிடப்பட்டனர். கொல்லச் சென்ற படைத்தலைவர்களில் ஒருவர் வோல்டர் ராலி. புகையிலையோடும் கடற்பயணங்களோடும் சேர்த்துப் பாடப்புத்தகங்களில் நாம் சந்திக்கும் அதே ராலிதான். ஒன்பது வருடங்கள் கழித்து ஸ்பென்ஸரின் கவிதையைக் கேட்டு வியந்து, அவரை எலிசபெத் அரசியின் சபைக்கு அழைத்துச் சென்றவரும் அவரே.

உயிருக்கு உத்தரவாதம் தருவதாகச் சொல்லிச் சரணடையச் செய்து பிறகு கொன்றார் என்ற குற்றச்சாட்டு உடனே எழுந்தது. ‘கிரேயின் வாக்கு’ என்றால் நம்பிக்கைத் துரோகம் என்று கத்தோலிக்க ஐரோப்பாவில் பழமொழியே பிறந்தது. அப்படி எந்த வாக்கும் கொடுக்கப்படவில்லை என்று ஸ்பென்ஸர் பின்னர் வாதாடினார். தாமே அருகில் இருந்ததாகவும் எழுதினார். செயலாளர் என்ற முறையில் கிரேயின் கடிதங்கள் பலவற்றை அவர் தம் கையாலேயே எழுதியிருக்கிறார். அவை இன்றும் உள்ளன. ஆகவே இவர் தூரத்தில் இருந்து கேள்விப்பட்டுக் கற்பனை செய்த கவிஞரல்லர். சாட்சி. அந்தச் சாட்சி செய்தது என்னவென்றால், நடந்ததைப் பேசியவர்களின் குரலை ஒரு விலங்கின் ஊளையாக மாற்றியது.

இதில் கவனிக்கவேண்டிய நுட்பம் ஒன்றுண்டு. வாக்குக் கொடுக்கப்பட்டதா இல்லையா என்பதில் இரு தரப்பும் வாதிடலாம். ஆயுதம் வைத்துவிட்ட 600 பேர் கொல்லப்பட்டார்கள் என்பதில் வாதத்துக்கு இடமில்லை, கொன்றவரே எழுதிக்கொடுத்திருக்கிறார். அதாவது வெளிப்படை எது, சத்தம் எது என்ற பிரச்சினை இந்தச் சொல் பிறந்த இடத்திலேயே இருக்கிறது. வெளிப்படையாக இருந்தது கொலை. ‘பிளேட்டன்ட்’ என்று பெயர்பெற்றது அதைப் பற்றிய பேச்சு.

நிலமும் பட்டினியும்

டெஸ்மண்ட் கிளர்ச்சி 1583இல் முடிந்தபோது மன்ஸ்டர் மாகாணம் எரிந்து கிடந்தது. பயிரை எரிப்பதும் கால்நடையை ஓட்டிச்செல்வதும் போர்முறையாகக் கைக்கொள்ளப்பட்டதால், வாளுக்குத் தப்பியவர்களைப் பஞ்சம் கொண்டுபோனது. ஆறு மாதத்துக்குள் 30,000 பேர் பட்டினியால் மாண்டதாக 1582இல் ஆங்கில அதிகாரி ஒருவரே மதிப்பிட்டார். வெறுமையான நிலத்தை அரசு பறிமுதல் செய்து ஆங்கிலேயருக்குப் பகிர்ந்தது. ஸ்பென்ஸருக்குக் கோர்க் பகுதியில் கில்கோல்மன் கோட்டையும் அதைச் சூழ்ந்த 3,000 ஏக்கருக்கு மேற்பட்ட நிலமும் கிடைத்தன. 1590இல் அந்த உரிமை முறைப்படி உறுதியானது. அடுத்த வருடம் அரசி அவருக்கு வருடாந்தம் 50 பவுண் உதவிப்பணமும் அளித்தார். இலண்டனின் ஏழை மாணவர் நிலச்சுவாந்தர் ஆனார்.

1596ஆம் ஆண்டளவில் அவர் ‘அயர்லாந்தின் இன்றைய நிலை பற்றிய நோக்கு’ என்ற உரைநடை நூலை எழுதினார். இரண்டு பேர் உரையாடுவதாக அமைந்த நூல். ஐரிஷ் மக்களின் மொழி, உடை, பாணர்கள், வழக்காறுகள் எல்லாம் அதில் ஆராயப்பட்டு, எல்லாமே குறையாகக் காணப்படுகின்றன. கிளர்ச்சியை அடக்குவதற்கு அவர் சொல்லும் வழி எளிது. சரணடைய இருபது நாள் அவகாசம் கொடுக்கவேண்டும். பிறகு மாரிகாலத்தில் படைகளை நிறுத்தி, உழவையும் மேய்ச்சலையும் தடுத்துவிட்டால், பட்டினி மிகுதி வேலையைச் செய்துவிடும். அது எவ்வளவு விரைவாகச் செய்யும் என்பதற்கு உதாரணமாக அவர் காட்டுவது தாம் கண்ணால் கண்ட மன்ஸ்டரை. காட்டிலிருந்தும் பள்ளத்தாக்குகளிலிருந்தும் நடக்கக்கூட வலுவின்றிக் கைகளால் தவழ்ந்து வந்த மனிதர்களையும், அவர்கள் பிணத்தைத் தின்றதையும், புல் பூண்டுக்காக மொய்த்ததையும் அவர் வருணிக்கும் பகுதியை வாசிப்பவர் உலுங்கிப்போவார். எழுதியவரும் ஒரு கணம் உலுங்கியிருக்கிறார் என்றே தோன்றுகிறது. ஆனால் உடனேயே, இந்தக் கேட்டை அவர்களே தங்களுக்குத் தேடிக்கொண்டார்கள் என்று முடித்துவிடுகிறார். கிரே பிரபுவை இரத்தவெறியர் என்று அரசியிடம் முறையிட்டதால்தான் நல்ல திட்டம் பாழானது என்பது அவருடைய மனக்குறை. அந்த மனக்குறையைக் கவிதையில் எழுதியபோது அதற்கு ஆயிரம் நாக்கு முளைத்தது.

நாக்கின் மறுபக்கம்

அவதூறுக்கு எதிராகக் காவியம் எழுதியவரின் கையே அவதூறிலிருந்து சுத்தமாக இருக்கவில்லை. ‘ஃபெயரி குவீன்’ முதலாவது காண்டம் பக்தியைப் பற்றியது. அதில் வீரனுக்கு எதிரிகளாக வரும் சகோதரர் மூவரும் ‘சரசன்’கள், அக்கால ஐரோப்பா முஸ்லிம்களுக்கு வைத்த பெயர் அது. மூவருக்கும் கவிஞர் இட்ட பெயர்கள் ஈமான் அற்றவன், சட்டம் அற்றவன், மகிழ்ச்சி அற்றவன் என்று பொருள்படும். நீதி பேசும் ஐந்தாவது காண்டத்தில் கொடியவனாக ஒரு சுல்தான் வருகிறான். ஆனால் அவன் உண்மையில் குறிப்பது ஸ்பெயினின் கத்தோலிக்க மன்னனை என்பர் ஆய்வாளர். யாரைத் திட்டுவதானாலும் வேடத்துக்கு நமது தலைப்பாகை தேவைப்பட்டிருக்கிறது. விசித்திரம் என்னவென்றால், ஸ்மெர்விக் கொலை நடந்த அதே 1580இல்தான் எலிசபெத் அரசியின் வர்த்தகர்களுக்கு உதுமானிய சுல்தான் மூன்றாம் முராத் வணிகச் சலுகைகள் வழங்கினார். துறைமுகத்தில் நட்பு, காவியத்தில் பகை.

ஐந்தாவது காண்டத்திலேயே இன்னொரு காட்சி உண்டு. அரசியின் சபை வாசலில் ஒரு கவிஞனின் நாக்கு கம்பத்தில் ஆணியால் அறையப்பட்டிருக்கிறது. அரசியைப் பழித்துப் பாடியதற்கான தண்டனை. முன்பு ‘நல்லூற்று’ என்றிருந்த அவன் பெயரை அழித்துத் ‘தீயூற்று’ என்று எழுதி வைத்திருக்கிறார்கள். ஸ்பென்ஸர் இதை எந்தப் பதற்றமும் இல்லாமல் சொல்லிக்கொண்டு போகிறார். அடுத்து ஒரு வழக்கு விசாரணை வருகிறது. அதில் குற்றவாளியாக நிற்கும் பெண் ஸ்கொட்லாந்தின் மேரி அரசி என்பது வாசித்தவருக்கெல்லாம் விளங்கியது. 1587இல் எலிசபெத்தின் ஆணைப்படி தலை துண்டிக்கப்பட்டவர் அவர். அவருடைய மகன் ஆறாம் ஜேம்ஸ் அப்போது ஸ்கொட்லாந்தின் மன்னர். நூல் வெளிவந்த 1596ஆம் ஆண்டிலேயே, தம் தாயை அவதூறு செய்த ஸ்பென்ஸரை விசாரித்துத் தண்டிக்கவேண்டும் என்று அவர் ஆங்கிலத் தூதர் மூலம் கோரினார். தண்டனை எதுவும் கிடைக்கவில்லை என்பது கவிஞரின் நல்ல காலம். அவதூறு விலங்கைப் படைத்த அதே நூல் அவதூறு என்று ஒரு மன்னரால் குற்றஞ்சாட்டப்பட்டது.

விலங்கு கட்டுடைத்தது

ஆறாவது காண்டத்தின் வீரன் கேலிடோர், பண்பின் உருவம். நெடுந்தூரம் துரத்தி, மடாலயமொன்றைச் சூறையாடிக்கொண்டிருந்த விலங்கைப் பிடித்து, அதன் வாய்க்கு இரும்புக் கடிவாளம் பூட்டி, நாய்க்குட்டியைப் போல நாடெங்கும் இழுத்துச் செல்கிறான். மக்கள் கூடிநின்று பார்த்து வியக்கிறார்கள். காவியம் அங்கே முடிந்திருக்கலாம். ஆனால் முடிவில் விலங்கு சங்கிலியை அறுத்துக்கொண்டு மறுபடியும் உலகத்தில் திரிகிறது. கற்றோர், கவிஞர் என்று எவரையும் அது விடவில்லை. இந்தக் கவிதையையும் விடாது என்ற கசப்போடு கவிஞர் நிறுத்துகிறார். அவர் தம் வாழ்நாளில் அச்சில் கண்ட ‘ஃபெயரி குவீன்’ அந்தக் கசப்போடுதான் முடிகிறது.

1598 ஒக்டோபரில் மன்ஸ்டர் மறுபடியும் கிளர்ந்தது. கில்கோல்மன் கோட்டை சூறையாடப்பட்டு எரிக்கப்பட்டது. ஸ்பென்ஸர் குடும்பத்தோடு தப்பி, டிசம்பரில் அரச கடிதங்களோடு இலண்டன் சேர்ந்தார். 1599 ஜனவரி 13ஆம் திகதி வெஸ்ட்மின்ஸ்டரில் இறந்தார். வெஸ்ட்மின்ஸ்டர் ஆலயத்தில் சோசரின் கல்லறைக்கு அருகே அடக்கம் செய்யப்பட்டார். கவிஞர்கள் தங்கள் இரங்கற்பாக்களையும் அவற்றை எழுதிய பேனைகளையும் குழிக்குள் போட்டார்கள் என்று வரலாற்றாசிரியர் கெம்டன் எழுதியுள்ளார்.

அயர்லாந்து பற்றிய அவருடைய உரைநடை நூல் அப்போது அச்சேறவில்லை. 1633இல்தான் ஜேம்ஸ் வேர் என்பவர், கடுமையான இடங்கள் சிலவற்றை மென்மைப்படுத்தி, அதை டப்ளினில் அச்சிட்டார். பதிலும் தாமதிக்கவில்லை. பிரான்சில் படித்துத் திரும்பிய ஐரிஷ் பாதிரியார் ஜெஃப்ரி கீட்டிங், 1634ஆம் ஆண்டளவில் தம் தாய்மொழியிலேயே அயர்லாந்தின் வரலாறொன்றை எழுதி முடித்தார். அதன் முன்னுரையில் ஸ்பென்ஸரையும் அவரைப் போன்ற ஆங்கில எழுத்தாளர்களையும் பெயர் சொல்லி, ஒவ்வொரு கூற்றாக எடுத்து மறுத்தார். இவர்கள் பூக்களைக் கடந்துபோய்ச் சாணத்தைத் தேடும் வண்டைப் போன்றவர்கள் என்றார். அந்த நூல் நீண்டகாலம் அச்சுக்குப் போகாமல், கைப்பிரதிகளாகவே ஊரூராகப் பரவியது. விலங்கென்று பெயர்பெற்ற தரப்பு ஊளையிடவில்லை. ஆதாரங்களோடு அமர்ந்து எழுதியது.

சத்தம் காட்சியானது எப்படி?

இனிச் சொல்லின் பிற்கால வாழ்வைப் பார்ப்போம். பதினேழாம் நூற்றாண்டில் அது காவியத்தை விட்டு இறங்கி, பொதுப் பேச்சுக்கு வந்தது. அப்போது அதன் பொருள், நாகரிகமின்றி இரைகிற என்பது. 1755இல் சாமுவேல் ஜோன்சன் தம் அகராதியில் கன்றுக்குட்டியைப் போலக் கத்துவது என்ற அளவிலேயே அதற்குப் பொருள் கொடுத்தார். அவதூறு மறைந்து வெறும் ஓசை எஞ்சியது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில்தான், கண்ணை உறுத்தும் அளவுக்கு வெளிப்படையான என்ற இன்றைய பொருள் வழக்கில் ஏறியது. எரிவதிலிருந்து பிறந்த ‘ஃபிளேக்ரன்ட்’ என்ற சொல்லோடு இதைக் குழப்பவேண்டாம் என்று ஆங்கில நடைநூல்கள் இன்றும் எச்சரிக்கின்றன. முன்னது குற்றத்தின் கொடுமையைச் சுட்டும், பின்னது அதன் மறைவின்மையைச் சுட்டும் என்பது அவர்கள் வகுக்கும் வேறுபாடு. பேசுவோர் அதைப் பெரிதாகப் பொருட்படுத்துவதில்லை.

ஓசை காட்சியாக மாறுவது வியப்புக்குரியதல்ல. அரபு மொழி தெரிந்தவர்களுக்கு இது எளிதில் விளங்கும். மஃரிபிலும் இஷாவிலும் ஸுப்ஹிலும் இமாம் ‘ஜஹ்ராக’ ஓதுகிறார் என்கிறோம்; உரத்த குரலில் என்று பொருள். அதே வேர், கண்ணெதிரே வெளிப்படையாக என்ற பொருளிலும் வரும். மூஸா (அலை) அவர்களின் சமூகத்தார் அல்லாஹ்வை நேருக்கு நேர் காணாமல் நம்பமாட்டோம் என்று பிடிவாதம் செய்ததைக் கூறும் இடத்தில் அல்குர்ஆன் பயன்படுத்துவது அந்த வேர்ச்சொல்லையே. தமிழிலும் ‘பறைசாற்றுதல்’ என்றால் பறையின் ஓசையல்ல, ஊரறியச் செய்தல்தான். உரக்கச் சொன்னது மறைவாக இருக்க முடியாது. ஆகவே உரத்தது வெளிப்படையானதும் ஆகிறது.

ஆனால் உரத்தது எல்லாம் உண்மையும் அல்ல, உரத்தது எல்லாம் அவதூறும் அல்ல. ஸ்பென்ஸர் தவறவிட்ட வேறுபாடு இதுதான். நமது மார்க்கம் இதை மிகத் துல்லியமாகப் பிரித்திருக்கிறது. ஒருவரிடம் உள்ள குறையை அவர் இல்லாத இடத்தில் பேசினால் அது புறம். இல்லாததைச் சொன்னால் அது இட்டுக்கட்டு. இரண்டும் விலக்கப்பட்டவை. ஆயினும் சூரா அந்நிஸாவின் 148ஆவது வசனம், தீயதை உரத்துப் பேசுவதை அல்லாஹ் விரும்பாததைக் கூறும்போதே, அநீதி இழைக்கப்பட்டவருக்கு அதில் விலக்கும் அளிக்கிறது. அங்கும் வருவது ‘ஜஹ்ர்’ என்ற சொல்லே. பாதிக்கப்பட்டவன் சத்தமிடலாம். அந்தச் சத்தம் விலங்கின் சத்தமல்ல, சாட்சியம். கிரே பிரபுவின்மேல் பழி சொன்னவர்களில் பொறாமைக்காரர்களும் அரசியல் எதிரிகளும் இருந்திருக்கலாம். ஆனால் அந்த இரைச்சலுக்குள் ஸ்மெர்விக்கின் குரலும் இருந்தது. எல்லாவற்றையும் ஒரே விலங்கின் ஆயிரம் நாக்குகளாக்கிவிட்டால் அதைத் தனியே பிரித்துக் கேட்கவேண்டிய பொறுப்பு எவருக்கும் இல்லாமல் போய்விடும். அதிகாரத்தில் இருப்போருக்கு இது வசதியான ஏற்பாடு. அவதூறைத் தாங்கியும் பழகிய ஒரு சமூகம், உண்மையைச் சொன்னதற்காகவே அவதூறு செய்கிறாய் என்று ஏச்சும் வாங்கிய ஒரு சமூகம், இதை விளங்கிக்கொள்ள அதிகம் சிரமப்படாது.

எட்வர்ட் செய்த் 1993இல் வெளிவந்த ‘பண்பாடும் ஏகாதிபத்தியமும்’ நூலில் ஸ்பென்ஸரைக் குறிப்பிட்டிருக்கிறார். அயர்லாந்துக்காக அவர் வகுத்த கொலைத்திட்டங்களையும் அவருடைய கவிதைச் சாதனையையும் இலக்கிய வரலாற்றாசிரியர்கள் இணைத்துப் பார்ப்பதில்லை என்பது அவரது ஆதங்கம். இதற்காக ஸ்பென்ஸரின் கவிதையை ஒதுக்கிவிடவேண்டும் என்று நான் கருதவில்லை. அதன் ஓசை நயமும் கற்பனை வளமும் பின்வந்த தலைமுறைகளுக்குப் பள்ளிக்கூடமாக இருந்தவை. வாசிக்கும்போது இரண்டு நூல்களையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு வாசிக்கவேண்டும் என்பதே என் எண்ணம்.

ஸ்மெர்விக்கில் அந்தக் கோட்டையின் மண்மேடு இன்றும் இருக்கிறது. அதற்கு அண்மையிலுள்ள ஒரு வயலை ஐரிஷ் மொழியில் ‘தலைகளின் வயல்’ என்று மக்கள் அழைத்து வந்திருக்கிறார்கள். நானூறு வருடங்கள் கழித்து, 1980இல், கொல்லப்பட்டவர்களுக்காக அங்கே ஒரு நினைவுக்கல் நாட்டப்பட்டது. எந்த அகராதியிலும் ஏறாத அந்த வயலின் பெயரைத்தான் நடந்ததற்குரிய வெளிப்படையான சொல்லாக நான் கொள்கிறேன்.